இரண்டு போர் கண்ட சாதுச் சிப்பாய்

அணிவகுப்பின் நடுவே, சற்று வெளியே போய்வர அனுமதி உண்டா என்று கேட்டு நெளிபவர். இடைவேளை கிடைத்தால் உட்கார்ந்தபடியே கண்ணயர்ந்துவிடுபவர். மருந்துப் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு எல்லோருக்கும் பின்னால் மெல்ல நடந்து வருபவர். பிரிட்டிஷ் டெலிவிஷன் ரசிகர்கள் சிப்பாய் காட்ஃப்ரியை அறிந்தது இப்படித்தான். பி.பி.சி. 1968 முதல் 1977 வரை ஒளிபரப்பிய டாட்ஸ் ஆர்மி, அதாவது அப்பாக்களின் பட்டாளம் என்ற நகைச்சுவைத் தொடரில் வந்த கிழச் சிப்பாய் அவர். அவர் வாயைத் திறந்தாலே வீடுகளில் சிரிப்பு எழும்.

அந்த வேடத்தை ஏற்றவர் ஆர்னால்ட் ரிட்லி. சிரித்தவர்களில் பலருக்குத் தெரியாத விஷயம் ஒன்று உண்டு. துப்பாக்கியைக் கண்டால் தயங்கும் அந்தக் கிழவராக நடித்தவர், இரண்டு உலக மகா யுத்தங்களிலும் பிரான்ஸ் தேசத்துப் போர்முனைக்குப் போய் வந்தவர். உடலில் அவர் சுமந்த தழும்புகள் நிஜமானவை.

செருப்புக்கடை வீட்டுப் பிள்ளை

இங்கிலாந்தின் மேற்குப் பகுதியிலுள்ள பாத் நகரில் 1896-ஆம் ஆண்டு ஜனவரி 7-ஆம் தேதி ரிட்லி பிறந்தார். தந்தை தேகப்பயிற்சி ஆசிரியர். செருப்புக் கடையும் வைத்திருந்தார். மகன் பிரிஸ்டல் பல்கலைக் கழகத்தில் படித்து ஆசிரியத் தொழிலுக்குத் தயாரானார். ஆனால் மனம் நாடக மேடையிலும் ரக்பி மைதானத்திலும் இருந்தது.

1914-இல் யுத்தம் மூண்டது. ரிட்லி உடனே பட்டாளத்தில் சேரப் போனார். கால்விரலில் இருந்த ஊனத்தைக் காரணம் காட்டித் திருப்பி அனுப்பிவிட்டார்கள். மறு ஆண்டு ஆள் தேவை அதிகமாயிற்று. சாமர்செட் லைட் இன்ஃபன்ட்ரி என்ற காலாட்படையில் சாதாரணச் சிப்பாயாக இடம் கிடைத்தது.

1916-இல் நடந்த சோம் நதிப் போர் சரித்திரத்திலேயே கொடிய போர்களில் ஒன்று. அதன் முதல் நாளில் மட்டும் பிரிட்டிஷ் தரப்பில் 19,000-க்கு மேற்பட்டோர் மாண்டனர். அந்தப் போரில்தான் ரிட்லியும் இருந்தார். குண்டுச் சிதறல்கள் அவர் கால்களைத் துளைத்தன. எதிரிச் சிப்பாய் ஒருவன் துப்பாக்கிக் கட்டையால் மண்டையில் அடித்தான். துப்பாக்கிச் சனியன் தொடை இடுக்கில் பாய்ந்தது. இடது கை சிதைந்து, அநேகமாகப் பயனற்றதாயிற்று. மண்டையில் விழுந்த அடியால் திடீர் திடீரென்று நினைவு தப்பும் கோளாறு பின்னாளிலும் அவரைத் தொடர்ந்தது. இனி யுத்தத்துக்கு உதவார் என்று டாக்டர்கள் சொல்ல, லான்ஸ் கார்ப்பொரல் என்ற பதவியோடு பட்டாளம் அவரை விடுவித்தது.

வெள்ளை இறகு

அக்காலத்தில் இங்கிலாந்தில் ஒரு வழக்கம் இருந்தது. சீருடை அணியாமல் வீதியில் நடமாடும் வாலிபர்களைக் கண்டால், சில பெண்கள் அருகில் போய் ஒரு வெள்ளை இறகை நீட்டுவார்கள். நீ கோழை என்று பலர் முன்னிலையில் சொல்வதற்கு அது அடையாளம். பட்டாளத்திலிருந்து காயங்களோடு திரும்பிய ரிட்லி சாதாரண உடையில் வீதியில் நின்றபோது, அவரிடமும் ஒரு பெண் அந்த இறகை நீட்டினாள். ஊனமுற்ற கையைக் காட்டி அவளை வெட்கப்படச் செய்திருக்கலாம். அவர் அப்படிச் செய்யவில்லை. ஒரு வார்த்தையும் பேசாமல் இறகை வாங்கிக்கொண்டார்.

பேய் ரயில்

1918-இல் அவர் பர்மிங்காம் ரெப்பர்டரி நாடகசாலையில் நடிகராகச் சேர்ந்தார். பாரி ஜாக்சன் நிறுவிய பெயர்பெற்ற நாடகசாலை அது. அங்கும் பின்னர் பிளிமத் நகரிலும் வேடத்துக்கு மேல் வேடமாக நடித்தார். ஆனால் போர்க் காயங்கள் விடவில்லை. 1921-இல் மேடையை விட்டுப் பாத் நகருக்குத் திரும்பி, தந்தையின் செருப்புக் கடையில் உதவியாளரானார். இருபத்தைந்து வயதில் வாழ்க்கை முடிந்துவிட்டதுபோல் தோன்றிய நேரம் அது.

கடை வேலைக்கு நடுவே நாடகம் எழுதிப் பார்த்தார். ஒரு நாள் ரயில் பிரயாணத்தில், பிரிஸ்டலுக்கு அருகிலுள்ள மாங்கட்ஸ்ஃபீல்டு என்ற சிறு ஸ்டேஷனில் அடுத்த வண்டிக்காக வெகுநேரம் காத்திருக்க வேண்டி வந்தது. ஆள் அரவமற்ற ஸ்டேஷன். திடீரென்று ரயில் ஒன்று இரைச்சலுடன் நெருங்கி வருவது கேட்டது; சத்தம் கடந்து சென்றது; ஆனால் கண்ணுக்கு எதுவும் தென்படவில்லை. ஸ்டேஷனுக்குள் வராமல் அருகில் வளைந்து சென்ற வேறொரு பாதையில் ஓடிய வண்டியின் ஓசை அது. அந்த ஓசையிலிருந்து அவருக்கு ஒரு நாடகம் கிடைத்தது.

கோஸ்ட் டிரெயின், அதாவது பேய் ரயில் என்ற அந்த நாடகத்தில், இரவு நேரத்தில் ஒரு கிராமத்து ஸ்டேஷனில் சிலர் மாட்டிக்கொள்கிறார்கள். இங்கே பேய் ரயில் ஓடும், பார்த்தவர் பிழைக்கமாட்டார் என்று ஸ்டேஷன் மாஸ்டர் பயமுறுத்துகிறார். கூட்டத்தில் அசடு வழியும் வாலிபன் ஒருவன் எல்லோர் பொறுமையையும் சோதிக்கிறான். கடைசியில்தான் தெரிகிறது, பேய் ரயில் என்பது கள்ளக் கடத்தல்காரர்களின் சூழ்ச்சி என்பதும், அந்த அசட்டு வாலிபன் அவர்களைப் பிடிக்க வந்த துப்பறிவாளன் என்பதும்.

1925-ஆம் ஆண்டு நவம்பரில் லண்டன் செயின்ட் மார்ட்டின்ஸ் நாடகசாலையில் இது அரங்கேறியது. மேடையில் ரயில் வராது. அதன் ஓசை மட்டுமே வரும். திரைமறைவில் ஆட்கள் நின்று தோட்ட உருளையை மரச்சட்டங்கள்மீது உருட்டியும், முரசு கொட்டியும், தகரத்தை உலுக்கியும் அந்த ஓசையை எழுப்பினார்கள். ஜனங்கள் நாற்காலி நுனிக்கு வந்து கேட்டார்கள். 600 தடவைக்கு மேல் நாடகம் நடந்தது. 1927, 1931, 1941 ஆகிய ஆண்டுகளில் திரைப்படமாகவும் வந்தது. செருப்புக் கடை உதவியாளர் ஒரே நாடகத்தில் பிரபல ஆசிரியராகிவிட்டார். வாழ்நாளில் 30-க்கு மேற்பட்ட நாடகங்கள் எழுதினார். பேய் ரயிலுக்குக் கிடைத்த வரவேற்பு வேறெதற்கும் கிடைக்கவில்லை.

கடனும் மறு யுத்தமும்

நாடகத்தில் வந்த செல்வம் சினிமாவில் போயிற்று. 1930-களின் நடுவில் கூட்டாளியோடு சேர்ந்து படக் கம்பெனி ஒன்று தொடங்கினார். முதல் படம் வெளியானபோது அதற்குப் பணம் கொடுத்து வந்த வங்கி திவாலாயிற்று. கடன் முழுவதும் ரிட்லி தலையில் விழுந்தது. அதை அடைத்து முடிக்க ஏறக்குறைய இருபது ஆண்டுகள் ஆயின.

1939-இல் மறுபடியும் யுத்தம். அப்போது ரிட்லிக்கு வயது 43. ஒரு கை சரியில்லை. யாரும் அவரை அழைத்திருக்கமாட்டார்கள். தாமாகவே முன்வந்து அக்டோபரில் மீண்டும் பட்டாளத்தில் சேர்ந்தார். இம்முறை செகண்ட் லெப்டினன்ட் பதவி. பிரான்ஸில் பத்திரிகை நிருபர்களை அழைத்துச் செல்லும் பொறுப்பு. 1940 மே மாதம் ஜெர்மானியப் படை வெள்ளமாய்ப் பாய்ந்து வந்தது. பூலோன் துறைமுகத்திலிருந்து வைமீரா என்ற நாசகாரிக் கப்பல் அவரை மீட்டு வந்தது. உடல் தப்பியது, மனம் தப்பவில்லை. முதல் யுத்தத்தின் பயங்கரக் கனவுகளும் திரும்பி வந்து அவரை வாட்டின. அடுத்த மாதமே உடல்நிலை காரணமாகப் பதவியை விட நேர்ந்தது.

அதன் பிறகும் அவர் சும்மா இருக்கவில்லை. கேட்டர்ஹாம் என்ற ஊரில் ஊர்க்காவல் படையில் சேர்ந்தார். வயதானவர்களும் சிறுவர்களும் சேர்ந்து, எதிரி கரையிறங்கினால் தடுப்பதற்காக அமைக்கப்பட்ட படை அது. படைவீரர்களுக்கு நாடகம் போட்டுக் காட்டும் குழுவிலும் ஊர் ஊராகச் சுற்றினார்.

72 வயதில் வந்த புகழ்

யுத்தத்துக்குப் பிறகு புதிய நாடகங்கள் முன்போல் ஓடவில்லை. 1945-க்குப் பின் நடிகை அல்தியா பார்க்கரோடு குடும்பம் நடத்திய ரிட்லிக்கு ஒரு மகன் பிறந்தான். வருமானம் வேண்டும், சின்னச் சின்ன வேடங்கள் எது கிடைத்தாலும் ஏற்றார். பி.பி.சி. வானொலியின் ஆர்ச்சர்ஸ் தொடரில் ரொட்டிக் கடைக்காரர் டோகி ஹூட் ஆனார். கிராஸ்ரோட்ஸ் என்ற டெலிவிஷன் தொடரில் பாதிரியார் ஆனார்.

1968-இல் ஜிம்மி பெர்ரி, டேவிட் கிராஃப்ட் என்ற இருவர் ஊர்க்காவல் படையைப் பற்றி நகைச்சுவைத் தொடர் எழுதினார்கள். பெர்ரி இளம் பிராயத்தில் அப்படையில் இருந்தவர். வால்மிங்டன் என்ற கற்பனைக் கடற்கரை ஊர். அதன் படைக்கு அதட்டல் நிறைந்த வங்கி மானேஜர் மானரிங் காப்டன். அவ்வேடத்துக்கு ஆர்தர் லோ. சார்ஜன்ட் வில்சனாக ஜான் லெ மெஷரியர். ஜவுளிப் பிரிவில் வேலை பார்த்து ஓய்வு பெற்று, சகோதரிகளோடு குடிசை வீட்டில் வாழும் காட்ஃப்ரி வேடம் ரிட்லிக்கு வந்தது. வயது 72. ஓய்வெடுக்க வசதி இல்லாததால் ஒப்புக்கொண்ட வேலை, நாடு முழுதும் அவர் முகத்தை அறியச் செய்தது. வெளிப்புறப் படப்பிடிப்பில் ஓடவும் தாண்டவும் அவரால் முடியாது. மற்றவர் நடக்க, காட்ஃப்ரி கசாப்புக் கடைக்காரர் ஜோன்ஸின் வேனில் வருவார். 80 பகுதிகள் ஒளிபரப்பாயின.

வேடத்துக்குள் இருந்த உண்மை

1969-இல் வந்த பகுதி ஒன்றை ரசிகர்கள் இன்றும் மறக்கவில்லை. முதல் யுத்தத்தில் ஆயுதம் ஏந்த மனச்சாட்சி இடம் தராமல் மறுத்தவர் தாம் என்று காட்ஃப்ரி தெரிவித்துவிடுகிறார். தோழர்கள் முகம் திருப்பிக்கொள்கிறார்கள். மானரிங் அவரைக் கோழையாகவே நடத்துகிறார். பிறகு ஒரு பயிற்சியின்போது புகை நிறைந்த குடிசைக்குள் மானரிங் மயங்கி விழ, உள்ளே நுழைந்து அவரை இழுத்து வருபவர் காட்ஃப்ரிதான். நோயாகப் படுத்திருக்கும் அவரைக் காணப் போனவர்கள் சுவரில் ஒரு படத்தைப் பார்க்கிறார்கள். அதில் காட்ஃப்ரியின் மார்பில் வீரப் பதக்கம். சோம் போர்க்களத்தில் டோலி தூக்கும் தொண்டராகக் குண்டுமழையில் புகுந்து காயமுற்றவர்களை மீட்டதற்குக் கிடைத்தது அது. ஏன் அணிவதில்லை என்று கேட்டால், அது ஆடம்பரமாகத் தோன்றியது என்கிறார்.

வெள்ளை இறகை வாய் பேசாமல் வாங்கிக்கொண்ட மனிதர், அந்தக் காட்சியில் நடிப்பதற்கு அதிகமாகச் சிரமப்பட்டிருக்கமாட்டார். உண்மையில் சோம் களத்தில் நின்ற அவர், தாம் பட்டதைப் பற்றி வீட்டிலும் அதிகம் பேசுவதில்லை.

1982-இல் பிரிட்டிஷ் அரசாங்கம் அவருக்கு ஓ.பி.இ. விருது அளித்தது. கடைசிக் காலத்தை லண்டனுக்கு அருகில் நார்த்வுட்டிலுள்ள முதிய நடிகர்களுக்கான இல்லத்தில் கழித்தார். அங்கே கீழே விழுந்ததைத் தொடர்ந்து, 1984-ஆம் ஆண்டு மார்ச் 12-ஆம் தேதி, 88-ஆம் வயதில் காலமானார். அஸ்தி, பிறந்த ஊரான பாத் நகரில் பெற்றோர் கல்லறையில் சேர்க்கப்பட்டது.

அவருக்கு நாடகம் தந்த மாங்கட்ஸ்ஃபீல்டு ஸ்டேஷன் 1966-லேயே மூடப்பட்டுவிட்டது. பேய் ரயிலை மட்டும் அமெச்சூர் நாடகக் குழுக்கள் இன்னும் ஓட்டிக்கொண்டிருக்கின்றன. டாட்ஸ் ஆர்மியும் திரும்பத் திரும்ப ஒளிபரப்பாகிறது. அதில் பின்வரிசையில் நிற்கும் கிழவரைப் பார்த்து இப்போதும் சிரிக்கிறார்கள். அவர் கதை தெரிந்தவர்களும் சிரிக்கத்தான் செய்கிறார்கள். கூடவே மனத்துக்குள் ஒரு வணக்கமும் வைக்கிறார்கள்.