கோபாலகிருஷ்ண பாரதியார்

திருநாளைப்போவார் நாயனாரது சரித்திரத்தைச் சேக்கிழார் சுவாமிகள் பெரியபுராணத்திலே சுருங்க அருளிச்செய்தனர். அச்சரித்திரத்தை இசைவாணர்க்கும் நாடகர்க்கும் எடுக்க எடுக்கக் குறையாத செல்வமாக்கி வைத்தவர் கோபாலகிருஷ்ண பாரதியார். அவர் வரலாற்றை ஈண்டுச் சிறிது கூறுவாம்.

பாரதியார் சோழநாட்டு நரிமணத்திலே பிறந்தவர். இல்லறத்திற் புகாது பிரமசாரியாகவே வாழ்ந்தவர். கனம் கிருஷ்ணையரிடத்து இசை பயின்றதோடு, திருவிடைமருதூரிலே இராமதாசரிடத்து இந்துஸ்தானி சங்கீதமும் கற்றனர். முடிகொண்டானிலும் ஆனைதாண்டவபுரத்திலும் மாயூரத்திலும் இருந்து, தில்லைக் கூத்தப்பெருமானையே பெரிதும் பாடி, 1896ஆம் ஆண்டிலே சிவபதமடைந்தனர்.

அவரியற்றிய நந்தனார் சரித்திரக் கீர்த்தனையிலே, நந்தனாரைத் தில்லைக்குப் போகவொட்டாது தடுக்கும் வேதியராகிய ஆண்டை ஒருவர் வருகின்றார். நாற்பது வேலி நிலத்து வேலையை முடித்தாலன்றி விடைதாரேன் என்கின்றார். இவ்வாண்டை பெரியபுராணத்தில் இல்லை. இதுபற்றியும், இலக்கண வழுக்கள் பற்றியும், மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம்பிள்ளையவர்கள் அந்நூலுக்குச் சிறப்புப்பாயிரம் அளிக்கத் தயங்கினர். பின்னர் ஒருநாள் பாரதியார் அவர் வீட்டுத் திண்ணையிலிருந்து தம் பாட்டைத் தாமே பாட, அதனைக் கேட்டு உள்ளமுருகிப் பாயிரம் அளித்தனர் என்பது உ. வே. சாமிநாதையர் எழுதிய வரலாற்றால் அறியக்கிடக்கின்றது. அவ்வையர்தாமும் இளமையிலே மாயூரத்திற் பாரதியாரிடத்து இசை கற்றவரே.

பின்வந்தோர் பெரிதும் எடுத்தாண்டது பிள்ளையவர்கள் குறையென்று கண்ட அப்பகுதியையே என்பது சிந்திக்கற்பாலது. சுதேசிய இயக்கம் எழுந்த காலத்திலே சுப்பிரமணிய பாரதியார், திருநெல்வேலிக் கலெக்டர் விஞ்சு துரை வ. உ. சிதம்பரம்பிள்ளையை அதட்டுவதாகப் பாடிய பாட்டை நந்தனார் சரித்திர மெட்டிலேயே அமைத்தனர். மெட்டைக் கேட்ட மாத்திரத்தே ஆண்டை இன்னார், நந்தன் இன்னார் என்பது மக்களுக்கு விளங்கிற்று. 1935ஆம் ஆண்டிலே வெளிவந்த படத்திற் கே. பி. சுந்தராம்பாள் நந்தனாராகவும், சங்கீத வித்துவான் மகாராஜபுரம் விசுவநாதையர் வேதியராகவும் நடித்தனர். 1942இலே தண்டபாணி தேசிகர் நந்தனாராக நடித்தனர். கச்சேரி மேடையிலும் அவர் கீர்த்தனைகள் இன்றும் ஒலிக்கின்றன.

ஆசிரியர்களே, நாயனார் புராணத்தை மாணவர்க்குச் சேக்கிழார் வாக்கின்படியே கற்பித்தல் வேண்டும். ஆண்டையின் கதை பாரதியார் புனைந்தது என்பதையும் மறையாது சொல்லுதல் வேண்டும். ஆயினும், அக்கீர்த்தனையை வழுவுடைத்தென்று தள்ளிவிடுதல் நன்றன்று. அன்பு மிக்கானொருவனை வாயிலுக்குப் புறத்தே நிறுத்துதலின் கொடுமையைப் பாமரரும் உணர்ந்து கண்ணீர் விடும்படி செய்தது அதுவேயாம். புலமைக் கடலாகிய பிள்ளையவர்களே திண்ணையிற் கேட்ட பாட்டுக்கு இரங்கினரெனின், நாம் நம் மாணவர்க்கு அதனைக் கேட்பியாது விடுதல் எங்ஙனம்?