சவாய் மண்டபத்து முரசொலி

அமெரிக்காவின் பால்டிமோர் நகரில் எளிய கறுப்பினக் குடும்பமொன்றில் பிறந்தவர் வில்லியம் ஹென்றி வெப். இளமையிலேயே முதுகெலும்பைப் பற்றிய காசநோய் அவரது வளர்ச்சியைக் குன்றச் செய்து கூனையும் தந்தது. நாளிதழ் விற்றுச் சேர்த்த காசில் முரசுகள் வாங்கிப் பயின்ற அச்சிறுவனே பின்னாளில் சிக் வெப் என்று இசையுலகம் அறிந்த ஜாஸ் கலைஞர்.

1920களில் நியூயார்க் வந்த அவரது வாழ்வு ஹார்லெம் பகுதியின் சவாய் நடன மண்டபத்தோடு பிணைந்தது. 1926 மார்ச் 12இல் திறக்கப்பட்ட அம்மண்டபம் லெனாக்ஸ் அவென்யூவில் 140ஆம் தெரு முதல் 141ஆம் தெரு வரை நீண்டு கிடந்தது. அதே ஹார்லெமின் காட்டன் கிளப்பில் கறுப்பினத்தார் மேடையேறி ஆடலாம். வெள்ளையரோடு சமமாக அமர்ந்து காண்பதற்கோ இடமில்லை. சவாயில் நுழைவுச்சீட்டு வாங்கிய எவரும் எவரோடும் கைகோத்து ஆடலாம். வியாழக்கிழமை வீட்டுப் பணிப்பெண்களின் விடுப்பு நாள். பிறர் வீட்டு அடுக்களையில் வாரமெல்லாம் உழைத்தவர்கள் அன்றிரவு அங்கே அரசியர் போல் உலவினர். மேடைகள் இரண்டு, ஒரு குழு ஓய்ந்தால் மறு குழு தொடங்கும். லிண்டி ஹாப் ஆட்டம் செழித்தது அத்தளத்தில்தான்.

1930களில் அம்மண்டபத்தின் வேந்தர் வெப். நோட்டு வாசிக்க அறியாதவர். குழுவின் பாட்டு முழுவதையும் நினைவில் நிறுத்தியவர். உயர்ந்த மேடையிலிருந்து ஆடுவோர் கால்களைக் கண்டே தாளம் அமைத்தார். அவரை வெறும் வாத்தியக்காரர் என்பது குறைவான மதிப்பீடு. தமக்கு இயலாத துள்ளலைப் பிறர் கால்களில் ஏற்றியவர் அவர்.

1937 மே 11இல் பென்னி குட்மன் தம் புகழ்பெற்ற வெள்ளையர் குழுவோடு சவாய்க்குப் போட்டியிட வந்தார். உள்ளே இடமின்றித் தெருவில் ஆயிரக்கணக்கானோர் நெரிந்தனர். தீர்ப்பு வழங்கியவர்கள் ஆடவந்த மக்கள்; வென்றவர் வெப். குட்மன் குழுவின் முரசுக் கலைஞர் ஜீன் குரூப்பா அதை மனமுவந்து ஏற்றார் என்பதையும் சொல்லியாக வேண்டும்.

ஆதரவற்றுத் திரிந்த எல்லா ஃபிட்ஸ்ஜெரால்டு என்ற இளம்பெண்ணின் தோற்றம் கண்டு முதலில் தயங்கிய வெப், குரலைக் கேட்டபின் 1935இல் தம் குழுவில் சேர்த்துக்கொண்டார். உருவத்தால் எள்ளப்பட்டவரே அவ்வாறு தயங்கியது வியப்புத்தான். 1938இல் அவ்விருவரின் இசைத்தட்டு நாடெங்கும் ஒலித்தது. வலியை மறைத்து ஊர் ஊராய் வாசித்த வெப், 1939 ஜூன் 16இல் பால்டிமோரிலேயே கண்மூடினார்.

குழுவை எல்லா சில ஆண்டுகள் நடத்தினார். 1943இல் காவல்துறை சவாயைச் சில மாதங்கள் மூடியது. ஒழுக்கக்கேடு என்று அது காரணம் சொல்ல, இருநிறத்தாரும் இணைந்து ஆடியதே காரணம் என்று ஹார்லெம் மக்கள் நம்பினர். மீண்டும் திறந்த மண்டபம் 1958 வரை இயங்கியது. பின்னர் இடிக்கப்பட்டு, அவ்விடத்தில் குடியிருப்புகள் எழுந்தன.