உங்காவுக்கு வால் போட்ட ஓவியர்

ஜொகூர்ப் பக்கத்துத் தோட்டங்களிலிருந்து உட்லண்ட்ஸ் வழியாக வேலைக்குப் போய்வருகிற நம் பிள்ளைகளின் கையில் சிங்கப்பூர் 50 வெள்ளி நோட்டு புழங்கும். 1999-இல் வந்த நோட்டு அது. முன்பக்கம் யூசோப் இஷாக். பின்பக்கம் நம்ம வீணைகூட இருக்கிறது. கூடவே கொடிகளுக்கு நடுவே இரண்டு குரங்குகள். காட்டோரத் தோட்டத்தில் வளர்ந்தவர்களுக்கு அதைக் காட்டிச் சொல்ல வேண்டியதில்லை. விடியலில் மரம் வெட்டப் போகையில் காட்டுக்குள்ளிருந்து கூவுமே, அந்த உங்காதான்.

வரைந்தவர் சென் வென் சி. சீனாவில் குவாங்டோங் மாநிலத்துக் கிராமம் ஒன்றில் 1906-இல் பிறந்தார். ஓவியம் படிக்க ஷங்ஹாய் போகிறேன் என்றபோது வீட்டுப் பெரியவர் சம்மதிக்கவில்லை. படம் போட்டால் வயிறு நிறையுமா என்று நம் வீடுகளிலும் கேட்கிறோம், இல்லையா? அவர் போய்ப் படித்தார். 1940-களின் கடைசியில் சிங்கப்பூருக்கு வந்தவர், சீன உயர்நிலைப் பள்ளியிலும் நன்யாங் நுண்கலைக் கழகத்திலும் ஆசிரியராக இருந்தார்.

பல நூற்றாண்டுக்கு முன் மூச்சி என்ற சீன ஓவியர் வரைந்த உங்காப் படத்தின் அச்சுப் பிரதி ஒன்று அவருக்குக் கிடைத்தது. அதில் மயங்கி, அதைப் பார்த்துப் பார்த்து வரைந்தார். ஆனால் உயிருள்ள உங்காவை அவர் கண்ணால் கண்டதே கிடையாது. குரங்குதானே என்று வாலும் போட்டுவிட்டார்! படம் பார்க்க வந்த வெளிநாட்டுக்காரர் ஒருவர், இந்த இனத்துக்கு வால் கிடையாது என்று சொன்னார். பழைய படத்தை மறுபடி உற்றுப் பார்த்தார். ஆமாம், வால் இல்லை.

பேர் பெற்ற வாத்தியார் அதோடு விட்டிருக்கலாம். விடவில்லை. 300 வெள்ளி கொடுத்து ஓர் உங்காவை வாங்கி வந்தார். அந்தக் காலத்தில் மரம் வெட்டுகிறவருக்கு அது பல மாதச் சம்பளம். பிறகு ஆறு ஆயின: வெள்ளை ஒன்று, சாம்பல் ஒன்று, கறுப்பு நான்கு. தோட்டத்தில் அவை கை நீட்டுவதையும் தொங்குவதையும் பார்த்தபடியே இருந்தார். மைத்தூரிகை தாளில் பட்டால் அழிக்க முடியாது. பால்மரத்தில் கத்தி ஆழமாக இறங்கினால் காயம் காயம்தான், அது மாதிரி. கண்ணும் கையும் முதலிலேயே பழகியிருக்க வேண்டும்.

இதில் நமக்கு ஒரு மனக்குறையும் உண்டு. உங்காக் குட்டியைப் பிடிக்கிறவர்கள் பெரும்பாலும் தாயைச் சுட்டுத்தான் பிடிக்கிறார்கள். அந்தக் காலத்தில் அதை யாரும் பெரிதாக நினைக்கவில்லை. இன்று மலேசியாவில் 2010-ஆம் ஆண்டுச் சட்டப்படி உங்கா முழுப் பாதுகாப்புப் பெற்ற விலங்கு. வீட்டில் கட்டி வைத்தால் வழக்கு வரும். செம்பனைக்காகக் காட்டைத் துண்டு துண்டாக வெட்டினால் அதற்குப் போக்கிடமும் இல்லை. தரையில் இறங்கி நடந்து பழகிய பிராணியா அது? மரத்துக்கு மரம் தாவியே பிழைக்கிறது.

கொக்கு, வாத்து, அணில், மீன் எல்லாவற்றையும் சென் வரைந்தார். 1975-இல் சிங்கப்பூர்ப் பல்கலைக்கழகம் கௌரவ டாக்டர் பட்டம் தந்தது. 1991 டிசம்பர் 17-ஆம் நாள், 85-ஆவது வயதில் காலமானார்.