எடுத்துச் சொல்ல ஆளில்லாமல் போன அந்த அரை மணி நேரம்

சுதந்திர இந்தியாவுக்கு ஒலிம்பிக்கில் முதல் தனிநபர் பதக்கம் வாங்கித் தந்தவர் யார் என்று நம் ஊர்ப் பள்ளிப் பிள்ளைகளைக் கேட்டுப் பாருங்கள். லியாண்டர் பயஸ் என்பார்கள் சிலர். அபினவ் பிந்த்ரா என்பார்கள் சிலர். பயஸ் அட்லாண்டாவில் வெண்கலம் வாங்கியது 1996-ல். அதற்கு 44 ஆண்டுகளுக்கு முன்பே ஒரு கிராமத்துப் பயில்வான் அதை வாங்கி வந்துவிட்டார். அவர் பெயர் கஷாபா தாதாசாகேப் ஜாதவ். சுருக்கமாக கே.டி. ஜாதவ்.

மராட்டிய மாநிலம் சாத்தாரா மாவட்டத்தில் கராட் நகரத்துக்குப் பக்கத்தில் உள்ள கோலேஷ்வர் அவரது ஊர். 1926 ஜனவரி 15-ல் ஐந்து ஆண் பிள்ளைகளில் கடைசிப் பிள்ளையாகப் பிறந்தார். அப்பா தாதாசாகேப்பும் குஸ்திக்காரர். ஐந்து வயதிலேயே மகனை மண் கோதாவில் இறக்கிவிட்டார். கராட்டில் பள்ளிப் படிப்பு. 1942-ல் வெள்ளையனே வெளியேறு போராட்டம் வெடித்தபோது, தலைமறைவாக இருந்த போராளிகளுக்கு இடம் கொடுத்தும் கடிதங்களைக் கொண்டுசேர்த்தும் உதவிய மாணவர்களில் ஜாதவும் ஒருவர்.

அடுத்து கோல்ஹாப்பூர் ராஜாராம் கல்லூரி. கோல்ஹாப்பூர் என்றதும் நம் வாசகர்களுக்கு சாகு மகராஜ் நினைவுக்கு வருவார். 1902-லேயே பிற்படுத்தப்பட்ட, ஒடுக்கப்பட்ட மக்களுக்கு அரசு வேலையில் 50 விழுக்காடு இடஒதுக்கீடு தந்தவர். 1920-ல் மாணகாவ் மாநாட்டில் இளைஞர் அம்பேத்கரை ஒடுக்கப்பட்டோரின் தலைவராக அறிமுகம் செய்தவர். அந்த சாகுவுக்கு உயிர் மல்யுத்தம். அவர் கட்டிய காஸ்பாக் மைதானம் இன்றும் குஸ்திக்குப் பேர்போனது. அவர் 1922-ல் மறைந்தார். அவர் ஊன்றிவிட்டுப் போன அந்த மண்ணில்தான் ஜாதவ் வளர்ந்தார்.

ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். ஜாதவ் தலித் அல்லர். பல்வங்கர் பாலூவைப் போலச் சாதியின் பெயரால் வெளியே நிறுத்தப்பட்டவரும் அல்லர். 1911-ல் இங்கிலாந்து சென்று நூறு விக்கெட்டுக்கு மேல் எடுத்தும், அணித்தலைவர் பதவியைக் கடைசிவரை பெறாதவர் பாலூ. அந்த வலி வேறு. ஆனாலும் ஜாதவின் வாழ்க்கையில் நமக்கென்று ஒரு பாடம் இருக்கிறது. அதற்காகவே அவரை இந்தப் பத்திக்கு அழைத்து வருகிறோம்.

கல்லூரி விளையாட்டு விழாவில் குஸ்திக்குப் பெயர் கொடுக்கப் போனார். ஐந்தரை அடிக்கும் குறைவான ஒல்லி உடம்பைப் பார்த்த விளையாட்டு ஆசிரியர், பெயரைச் சேர்க்க மறுத்துவிட்டார். ஜாதவ் நேரே முதல்வர் கர்டேகரிடம் போய் முறையிட்டார். முதல்வர் அனுமதித்தார். தன்னைவிடப் பெரிய உடம்புக்காரர்களையெல்லாம் வீழ்த்திக் காட்டினார் ஜாதவ்.

1948 லண்டன் ஒலிம்பிக்குக்கு கோல்ஹாப்பூர் மன்னர் செலவு ஏற்றார். அதுவரை மண்ணில் மட்டுமே புரண்டவருக்கு அங்கே விரித்திருந்த மெத்தை புதிது, சர்வதேச விதிகளும் புதிது. அப்படியும் ஃபிளைவெயிட் பிரிவில் ஆறாம் இடம் பிடித்தார். ஊர் திரும்பி, அடுத்த நான்காண்டும் அதே நினைப்பாகப் பயிற்சி எடுத்தார்.

1952 ஹெல்சிங்கிக்கான தேர்வில் தனக்கு நியாயம் கிடைக்கவில்லை என்று பாட்டியாலா மன்னருக்கு எழுதினார். மறுபோட்டி நடந்தது. வென்றார். அடுத்த தடை பணம். கோலேஷ்வர் மக்கள் முடிந்ததைத் திரட்டினார்கள். போதவில்லை. அன்று அனுமதி கொடுத்த அதே முதல்வர் கர்டேகர், தன் சொந்த வீட்டை அடமானம் வைத்து ஏழாயிரம் ரூபாய் கொடுத்தார். மாணவனுக்காக வீட்டை அடகு வைத்த ஒரு வாத்தியார்! அவரையும் நாம் மறக்கக் கூடாது.

ஹெல்சிங்கியில் 57 கிலோ பேண்டம்வெயிட் பிரிவு. கனடா, மெக்சிகோ, ஜெர்மனி வீரர்களை ஜாதவ் வென்றார். பிறகு ஜப்பானின் ஷோஹாச்சி இஷியோடு மோதினார். கால்மணி நேரம் நீண்ட கடும் போராட்டம் அது. தோற்றார். உடம்பு ஓய்ந்து கிடக்கும்போதே, சோவியத் வீரர் ரஷித் மம்மத்பெயோவுடன் அடுத்த போட்டிக்குக் கூப்பிட்டுவிட்டார்கள்.

இரண்டு போட்டிகளுக்கு நடுவில் வீரருக்கு அரை மணி நேரமாவது ஓய்வு தர வேண்டும் என்பது விதி. அதை எடுத்துச் சொல்லி வாதாட இந்திய அதிகாரி ஒருவர்கூட அந்த நேரத்தில் பக்கத்தில் இல்லை. களைத்த உடம்போடு இறங்கிய ஜாதவ் தோற்றார். தங்கம் இஷிக்கு, வெள்ளி மம்மத்பெயோவுக்கு. வெண்கலம் ஜாதவுக்கு. மல்யுத்தத்தில் இந்தியாவுக்கு அடுத்த ஒலிம்பிக் பதக்கம் வர 2008 வரை, 56 ஆண்டுகள் காத்திருக்க வேண்டியிருந்தது.

கராட்டில் நூற்றுக்கும் மேற்பட்ட மாட்டு வண்டிகள் கட்டி ஊர்வலமாக அழைத்துப் போனார்கள். சில நிமிட தூரத்தைக் கடக்க ஏழு மணி நேரம் ஆனதாம். ஆரவாரம் அடங்கியதும் ஜாதவ் செய்த முதல் வேலை, கோல்ஹாப்பூரில் குஸ்திப் போட்டிகள் நடத்திப் பணம் சேர்த்தது. அந்தப் பணத்தில் முதல்வரின் வீட்டை மீட்டுக் கொடுத்தார்.

1955-ல் மும்பைக் காவல்துறையில் உதவி ஆய்வாளராகச் சேர்ந்தார். முழங்கால் காயத்தால் 1956 மெல்போர்ன் ஒலிம்பிக் கைநழுவியது. காவல்துறையில் பதவி உயர்வு எட்டாமலே காலம் ஓடி, ஓய்வுக்குச் சில மாதங்கள் முன்புதான் உதவி ஆணையர் ஆனார். ஓய்வூதியத்துக்கும் அலைய வேண்டியிருந்தது. 1984 ஆகஸ்ட் 14-ல் சாலை விபத்தில் இறந்தார். அர்ஜுனா விருது 2000-ஆம் ஆண்டுக்கானதாக, அவர் இறந்த பிறகே வந்தது. 2010-ல் டெல்லி மல்யுத்த அரங்கத்துக்கு அவர் பெயர் வைத்தார்கள். பத்ம விருது உயிரோடு இருந்தவரை வரவேயில்லை.

ஜாதவ் இரண்டு முறை முறையிட்டார், இரண்டு முறையும் கதவு திறந்தது. மூன்றாவது முறை, ஹெல்சிங்கி கோதாவின் ஓரத்தில், முறையிட ஆள் இல்லை. விதி புத்தகத்தில் இருந்தது, வீரனுக்குப் பயன்படவில்லை.

இது நமக்குப் புதிய கதையா? வன்கொடுமை வழக்கைத் துணைக் கண்காணிப்பாளர் நிலைக்குக் குறையாத அதிகாரிதான் விசாரிக்க வேண்டும் என்பது விதி. பாதிக்கப்பட்டவருக்குத் தீருதவித் தொகை உண்டு என்பதும் விதி. காவல் நிலையத்துக்குத் தனியாகப் போய் நிற்கும் கூலித் தொழிலாளிக்கு இதையெல்லாம் யார் சொல்கிறார்கள்? கல்வி உதவித்தொகைக்கு அலுவலகம் அலுவலகமாக அலையும் பிள்ளைக்குக் கூடப் போவது யார்?

படித்த தம்பி தங்கைகளே, உங்கள் தெருவிலும் ஒரு கோதா இருக்கிறது. அதில் இறங்கி நிற்பவரின் பக்கத்தில், விதியைத் தெரிந்துகொண்டு போய் நில்லுங்கள். ஜாதவுக்கு அன்று கிடைக்காமல் போன அரை மணி நேரம், நம் சனத்தில் யாருக்காவது கிடைக்கட்டும்.