நாமக்கல் கவிஞர்

கொங்கு நாட்டின் கீழ்த்திசையில், காவிரிக் கரையிலுள்ள மோகனூரில் 1888-ஆம் வருஷம் அக்டோபர் 19-ஆம் தேதி இராமலிங்கம் பிள்ளை அவதரித்தார். தந்தையார் வெங்கடராமப் பிள்ளை போலீஸ் இலாகாவில் ஊழியம் செய்தவர். அத்தகைய இல்லத்தில் வளர்ந்தவரே, பின்னாளில் போலீஸாரின் தடிக்கெதிரே நின்ற வாலிபர்களுக்குப் பாட்டளித்தார் என்பது சிந்திக்கற்பாலது.

நாமக்கல்லிலும் கோயமுத்தூரிலும் பள்ளிக் கல்வி பெற்ற அவர், திருச்சிராப்பள்ளியில் மிஷன் கலாசாலையாகிய பிஷப் ஹீபர் கல்லூரியில் பயின்றார். சித்திரம் வரைவதில் வல்லவராய் முதலில் பெயர் பெற்றார். பின்னர்க் கவிதையே அவரை ஆட்கொண்டது.

1930-ஆம் வருஷம் ஏப்ரல் 13-ஆம் தேதி, ராஜாஜியின் தலைமையில் ஏறக்குறைய நூறு தொண்டர்கள் உப்புச் சத்தியாக்கிரகத்துக்காகத் திருச்சியிலிருந்து வேதாரணியத்துக்குக் கால்நடையாய்ப் புறப்பட்டனர். அடிபடுவோம் என்று அறிந்தே நடந்த அவர்களுக்கு இராமலிங்கம் பிள்ளை வழிநடைப் பாட்டு ஒன்று இயற்றித் தந்தார். பகைவரை இகழாது, ஆயுதத்தை நாடாது, சத்தியத்தையே படைக்கலமாகக் கொண்ட பாட்டு அது. வழியில் தடியடி விழுந்த போதும் அவர்கள் திருப்பி அடித்தாரில்லர்.

1932-ஆம் வருஷம் ஜனவரி 10-ஆம் தேதி திருப்பூரில் கொடியேந்திச் சென்ற சென்னிமலைக் குமரன் போலீஸாரால் தாக்குண்டு வீழ்ந்தார். மறுநாள் உயிர் நீத்தார். அப்போது அவருக்கு வயது 27. அவர் விட்டுச் சென்ற மனைவி இளநங்கை. அவ்வருஷமே நமது கவிஞரும் சிறை புகுந்தார்.

பாட்டு மாண்டவரை மீட்பதில்லை; அடித்தவரை நியாயஸ்தலத்தில் நிறுத்துவதுமில்லை. ஆயின் அதன் பயன் யாது? தனித்திருந்து வெதும்பும் உள்ளத்தில் துயரம் வெகு விரைவில் வன்மமாகிவிடும். பலர் கூடி ஒரே தாளத்தில் பாடுங்கால், அழுகைக்கு இடமும் உண்டாகிறது. அடுத்த அடி எடுத்து வைக்கத் துணிவும் உண்டாகிறது. மாண்டவனைப் போலவே அஞ்சாது நிற்கவும், கொன்றவனைப் போல் ஆகாதிருக்கவும் அது கற்பிக்கின்றது.

1949-ஆம் வருஷம் சென்னை மாகாணத்தின் ஆஸ்தான கவியாக நியமனம் பெற்ற கவிஞர், 1972-ஆம் வருஷம் ஆகஸ்டு 24-ஆம் தேதி காலமானார். சென்னைக் கோட்டையிலுள்ள தலைமைச் செயலகத்தின் பத்து மாடிக் கட்டடம் அவர் பெயரைத் தாங்கி நிற்கின்றது. அரசாங்க அதிகாரத்தின் தடியடிக்கு எதிரே பாடிய பெயரை அரசாங்க மாளிகையே இன்று சுமக்கின்றது. அங்கு அமர்ந்து ஆணையிடுவோரும், அவ்வாசனங்களை நாளை அடையவிருக்கும் மாணவ நேயர்களும் இதனை மறவாதிருத்தல் கடன்.