மூன்று தீபாவளி கண்ட படமும் சிறைக்குப் போன நாயகனும்

1944 தீபாவளிக்கு வெளியான 'ஹரிதாஸ்' சென்னை பிராட்வே திரையரங்கில் மூன்று தீபாவளிகளைக் கண்டது என்பதைப் பழைய ரசிகர்கள் பெருமையாகச் சொல்வார்கள். அதன் மறுபாதியைத்தான் நான் சொல்ல வருகிறேன். அந்த மூன்றில் இரண்டு தீபாவளிகளின்போது படத்தின் நாயகன் எம்.கே. தியாகராஜ பாகவதர் சிறையில் இருந்தார்.

பாகவதர் 1910இல் மாயவரத்தில் பிறந்தவர். பொற்கொல்லர் குடும்பம். வளர்ந்தது திருச்சியில். சிறுவயதிலேயே நாடக மேடை ஏறி, 1934இல் 'பவளக்கொடி' மூலம் திரைக்கு வந்தார். 'சிந்தாமணி', 'அம்பிகாபதி', 'அசோக்குமார்', 'சிவகவி' என்று அடுத்தடுத்து வெற்றிகள். வீட்டில் தாத்தா பாட்டி இருந்தால் 'பாகவதர் கிராப்பு' என்று சொல்லிப் பாருங்கள், கதை தானாக வரும்.

அதே சென்னையில் லட்சுமிகாந்தன் என்பவர் நடிகர் நடிகையரின் அந்தரங்கத்தை எழுதிப் பிழைக்கும் 'சினிமா தூது' என்ற பத்திரிகையை நடத்தினார். பாகவதரும் நகைச்சுவை நடிகர் என்.எஸ். கிருஷ்ணனும் இயக்குநர் ஸ்ரீராமுலு நாயுடுவும் ஆளுநரிடம் மனுக் கொடுத்தார்கள். பத்திரிகையின் உரிமம் ரத்தானது. அவரோ 'இந்து நேசன்' என்ற பெயரில் அதே வேலையைத் தொடர்ந்தார். 1944 நவம்பர் 8ஆம் நாள் வேப்பேரியில் ரிக்‌ஷாவில் போய்க்கொண்டிருந்தவரைக் கத்தியால் குத்தினார்கள். மறுநாள் மருத்துவமனையில் இறந்தார்.

டிசம்பரில் பாகவதரும் கிருஷ்ணனும் கைதானார்கள். மனுக் கொடுத்த மூன்றாமவரான நாயுடுவும் தப்பவில்லை. சட்டப்படி ஆளுநரிடம் முறையிட்டதே பிறகு பகைமைக்கு அடையாளமாகக் காட்டப்பட்டதுதான் எனக்கு இந்த வழக்கில் மிகவும் உறுத்துகிறது.

இவர்கள் கத்தி எடுத்ததாக யாரும் சொல்லவில்லை. சதி செய்தார்கள் என்பதே குற்றச்சாட்டு. நாலு சுவருக்குள் பேசியதற்கு யார் சாட்சி? குற்றத்தில் பங்குகொண்டு, பின்னர் அரசுத் தரப்புக்கு மாறியவர்தான். அவரைத் தமிழ்ப் பத்திரிகைகள் 'அப்ரூவர்' என்று எழுதும். இவர் தன் தலையைக் காப்பாற்றிக்கொள்ளப் பிறர் தலையைக் காட்டக்கூடும் என்பது சட்டத்துக்கும் தெரியும். 2024 வரை நடப்பில் இருந்த இந்தியாவின் 1872ஆம் ஆண்டு சாட்சியச் சட்டம் இதை இரண்டு இடத்தில் பேசியது. கூட்டாளியின் சாட்சியத்தை மட்டும் வைத்துத் தண்டித்தால் அது சட்டவிரோதம் ஆகாது என்றது 133ஆம் பிரிவு. முக்கியமான விவரங்களில் வேறு ஆதாரம் துணை நிற்காவிட்டால் அவரை நம்பத் தகாதவர் என்று நீதிமன்றம் கருதலாம் என்றது 114ஆம் பிரிவின் உதாரணம். கோலாலம்பூரிலோ பெட்டாலிங் ஜெயாவிலோ சட்டம் படிக்கும் மாணவர்கள் நம் நாட்டின் 1950ஆம் ஆண்டுச் சட்டத்தைப் புரட்டினால் அதே எண்களில் அதே விதிகளைக் காண்பார்கள்.

வழக்கு சென்னை உயர் நீதிமன்றத்தில் ஜூரிகள் முன் நடந்தது. 1945 மே மாதம் நாயுடு விடுதலையானார். பாகவதருக்கும் கிருஷ்ணனுக்கும் ஆயுள் தண்டனை. ஜூரிகள் ஒருமனதாகக்கூட இல்லை, பெரும்பான்மை முடிவுதான். மேல்முறையீடு அதே உயர் நீதிமன்றத்தில் தள்ளுபடியானது. பெரும்பாலான கைதிகளுக்கு வழி இதோடு அடைந்துவிடும். இவர்களிடம் வசதி இருந்தது. கிருஷ்ணனின் மனைவி, நடிகை டி.ஏ. மதுரம் விடாமல் போராடினார். வழக்கு லண்டனில் இருந்த பிரிவி கவுன்சிலுக்குப் போனது. நம் மலேசியக் குற்ற வழக்குகளும் 1977 முடியும் வரை அங்கே போய்க்கொண்டிருந்தவைதான்.

பிரிவி கவுன்சில் அவர்களைத் தானே விடுவிக்கவில்லை. மேல்முறையீட்டை மறுபடி விசாரிக்கும்படி சென்னைக்குத் திருப்பி அனுப்பியது. வழக்கறிஞர் வி.எல். எத்திராஜ் வாதாடினார். சென்னையில் எத்திராஜ் மகளிர் கல்லூரியைப் பின்னர் நிறுவியவர் இவரே. இம்முறை நீதிபதிகள் சாட்சிகளை எடைபோட்டபோது அவை நிற்கவில்லை. 1947 ஏப்ரலில் இருவரும் விடுதலையானார்கள். கைதாகி இரண்டு ஆண்டு, நான்கு மாதம். அந்தக் கொலையின் பின்னணியில் இருந்தது யார் என்பது இன்றுவரை தெளிவாகவில்லை.

வெளியே வந்த கிருஷ்ணன் மீண்டும் சிரிக்க வைத்தார். 'நல்லதம்பி', 'மணமகள்' என்று முன்பைவிட உயர்ந்தார். பாகவதருக்கு அது வாய்க்கவில்லை. அவருக்கென்று இருந்த 'உதயணன்' படத்தில் அவர் சிறையில் இருந்தபோதே ஜி.என். பாலசுப்பிரமணியம் நடித்து முடித்திருந்தார். 1948இல் வந்த 'ராஜமுக்தி' தோற்றது. 'அமரகவி', 'சியாமளா' என்று முயன்றும் பழைய கூட்டம் திரும்பவில்லை. ரசிகர்கள் அவரைக் குற்றவாளி என்று ஒதுக்கியதாக நான் நினைக்கவில்லை. பாடிக்கொண்டே நடிக்கும் நாயகர்களின் காலம் மாறிக்கொண்டிருந்தது. வசனம் பேசும் நடிகர்கள் வந்துகொண்டிருந்தார்கள். அந்த மாற்றம் நடந்தபோது அவர் சிறையில் இருந்தார். இழந்த அந்த ஆண்டுகளைத் தீர்ப்பு எழுதிய நீதிபதிகளால்கூடத் தர முடியாதே!

கச்சேரிகளில் மட்டும் மக்கள் அவரை விடாமல் கேட்டார்கள். 1959 நவம்பர் 1ஆம் நாள், 49 வயதில், சென்னைப் பொது மருத்துவமனையில் இறந்தார். அவர் நடித்த கடைசிப் படமான 'சிவகாமி' மறு ஆண்டுதான் திரைக்கு வந்தது.