ஹிட்லரின் ஜெர்மனிக்குப் போர் விமானம் செய்தவர் பெங்களூருக்கு வந்தது ஏன்? குர்ட் டாங்க்கின் கதை

தஞ்சாவூர்க்காரர்களுக்கு அந்தச் சத்தம் பழகிவிட்டது. வயலில் நடவு நடந்துகொண்டிருக்கும்போதே தலைக்கு மேல் சுகோய்-30 வானத்தைக் கிழித்துக்கொண்டு போகும். 2020 ஜனவரி 20 முதல் தஞ்சை விமானப்படைத் தளத்தில் 222வது ஸ்குவாட்ரனான ‘டைகர்ஷார்க்ஸ்’ இருக்கிறது. அந்த சுகோய்கள் பிரமோஸ் ஏவுகணையைச் சுமக்கக்கூடியவை. விமானம் நாசிக்கில் தயாராகிறது, இன்ஜின் ஒடிசாவின் கோராபுட்டில். ஆனால் இரண்டின் டிசைனும் ரஷ்யாவுடையது.

அப்படின்னா இந்தியா தானே வடிவமைத்து ஒரு ஜெட் போர் விமானம் செய்ததே இல்லையா? செய்தது. 1961லேயே. பெயர் எச்.எஃப்-24 மாருத். அந்த டிசைன் குழுவுக்குத் தலைமை தாங்கியவர், இரண்டாம் உலகப்போரில் ஜெர்மனியின் மிகச்சிறந்த போர் விமானங்களில் ஒன்றை உருவாக்கிய குர்ட் டாங்க். (பெயர்தான் டாங்க், வாழ்நாள் முழுக்கச் செய்தது விமானம்!)

குதிரைப்படையிலிருந்து விமானத்துக்கு

1898 பிப்ரவரி 24 அன்று, அப்போது ஜெர்மனியில் இருந்த பிரோம்பெர்க் நகரில் பிறந்தார். இன்று அது போலந்தின் பிட்கோஷ். முதல் உலகப்போரில் விமானப்படையில் சேர ஆசைப்பட்டார். அப்பா விடவில்லை, குதிரைப்படைக்கு அனுப்பினார். போர் முடிந்ததும் பெர்லினில் பொறியியல் படித்து, சில விமான கம்பெனிகளில் வேலை பார்த்துவிட்டு, 1931ல் ஃபோக்கே-வுல்ஃப் நிறுவனத்துக்கு வந்தார். டிசைன் செய்வதோடு நிற்காமல் தானே ஓட்டியும் பார்ப்பார். அவர் வடிவமைத்த காண்டோர் என்ற பயணிகள் விமானம் 1938 ஆகஸ்டில் பெர்லினிலிருந்து நியூயார்க்குக்கு எங்கும் நிற்காமல், ஏறக்குறைய 25 மணி நேரத்தில் பறந்தது. அந்தக் காலத்தில் இது உலகச் செய்தி.

அவர் பெயரை நிலைநிறுத்தியது ஃபோக்கே-வுல்ஃப் 190. போர் விமானம் என்பது பந்தயக் குதிரையாக இருக்கக்கூடாது, படைக்குதிரையாக இருக்க வேண்டும் என்பது அவருடைய கொள்கை. கரடுமுரடான ஓடுதளத்தில் இறங்க வேண்டும், அதிகம் அனுபவமில்லாத மெக்கானிக்கும் பழுது பார்க்க முடிய வேண்டும், அடி வாங்கினாலும் வீடு வந்து சேர வேண்டும். குதிரைப்படை சும்மா போகவில்லை.

இங்கே ஒரு விஷயத்தைக் கவனிக்கணும். அன்றைய ஜெர்மனியின் நல்ல இன்ஜின்களை ஏற்கெனவே போட்டி நிறுவனமான மெஸ்ஸர்ஷ்மிட்டின் விமானங்கள் விழுங்கிக்கொண்டிருந்தன. அதனால் டாங்க் வேறு வகைக்குப் போனார். அது பி.எம்.டபிள்யூவின் காற்றால் குளிரும் இன்ஜின். 1939 ஜூன் 1ல் முதல் முறை பறந்தபோது விமானி அறை அடுப்படி போல் சூடேறியது. அடுத்து வந்த இன்ஜினும் கொதித்தது. திட்டத்தையே கைவிடலாமா என்ற பேச்சு வந்தது. சரிசெய்த பிறகு, 1941ல் களமிறங்கிய அந்த விமானம் பிரிட்டனின் அன்றைய ஸ்பிட்ஃபயரைத் திணறடித்தது. போர் முடிவதற்குள் 20,000க்கும் மேல் தயாராகின.

அவர் தொழில்நுட்ப வல்லுநர் மட்டும்தானே என்று கடந்துபோக முடியாது. போர்க்கால ஜெர்மனியின் விமானத் தொழிற்சாலைகளில், ஆக்கிரமித்த நாடுகளிலிருந்து இழுத்துவரப்பட்டவர்களின் கட்டாய உழைப்பு இருந்தது. அந்த அரசு டாங்க்குக்குப் பேராசிரியர் பட்டம் கொடுத்தது. கடைசிக்கால டிசைன்களுக்கு அவர் பெயரின் முதல் எழுத்துகளே முன்னொட்டாகின. அப்படி ஒன்றுதான் டி.ஏ.152.

பொய்ப் பெயரில் அர்ஜென்டினா

போரில் ஜெர்மனி தோற்ற பிறகு அங்கே விமானம் கட்டத் தடை. வேலையில்லாத ஜெர்மன் பொறியாளர்களை ஆளாளுக்கு வலைவீசித் தேடினார்கள். டாங்க் 1947ல் ‘பெட்ரோ மாத்தியெஸ்’ என்ற பொய்ப் பெயரில் அர்ஜென்டினா போய்ச் சேர்ந்தார். அதிபர் பெரோனுக்காக கோர்டோபாவில் புல்கி-2 என்ற ஜெட் விமானத்தை உருவாக்கினார். இன்ஜின் பிரிட்டனின் ரோல்ஸ்ராய்ஸ். ஐந்து மாதிரிகளோடு கதை முடிந்தது. சோதனையில் இரண்டு விமானிகள் இறந்தார்கள். 1955ல் பெரோனின் ஆட்சி கவிழ்ந்தது, குழு சிதறியது.

அந்த நேரத்தில்தான் நேருவின் இந்தியா ஆள் தேடிக்கொண்டிருந்தது.

பெங்களூரில் 11 ஆண்டுகள்

1940ல் வால்சந்த் ஹிராசந்த் மைசூர் அரசோடு சேர்ந்து தொடங்கிய இந்துஸ்தான் ஏர்கிராஃப்ட் நிறுவனம்தான் இன்றைய எச்.ஏ.எல். 1951ல் வி.எம்.காட்கேயின் டிசைனில் எச்.டி-2 என்ற பயிற்சி விமானத்தை அது பறக்கவிட்டிருந்தது. ஆனால் விமானப்படை இப்போது கேட்டதோ ஒலியைப்போல இரு மடங்கு வேகத்தில் பறக்கும் ஜெட். சைக்கிள் செய்யத் தெரிந்த பட்டறையிடம் பந்தய கார் கேட்டது மாதிரி.

1956 ஆகஸ்டில் டாங்க் பெங்களூர் வந்தார். சில ஜெர்மானியர்களும் வந்தார்கள். அவர்களோடு இந்திய இளம் பொறியாளர்கள் உட்கார்ந்து வரைந்தார்கள். வசதி குறைவு, ஆனால் முறை தப்பவில்லை. முதலில் அசல் அளவில் மரத்தில் இன்ஜின் இல்லாத கிளைடர் ஒன்றைச் செய்தார்கள். 1959ல் அதை டகோட்டா விமானத்தின் பின்னால் கட்டி இழுத்து, மேலே போனதும் கழற்றிவிட்டுச் சோதித்தார்கள். 1961 ஜூனில், விங் கமாண்டர் சுரஞ்சன் தாஸ் ஓட்ட, மாருத் பறந்தது. சோவியத் யூனியன் நீங்கலாக, ஆசிய நாடு ஒன்று ஜெட் போர் விமானத்தைச் சொந்தமாக வடிவமைத்துத் தயாரிப்புக்குக் கொண்டுவந்தது அதுவே முதல் முறை. பார்க்கவும் அழகு. ஒல்லியான உடல், பின்னோக்கிச் சரிந்த இறக்கை.

பிரச்சினை உள்ளே இருந்தது. பிரிட்டனின் பிரிஸ்டல் நிறுவனம் உருவாக்கவிருந்த, அதிக சக்தி கொண்ட ஆர்ஃபியஸ் 12 என்ற இன்ஜினை நம்பித்தான் டாங்க் கோடு போட்டார். அந்த இன்ஜின் மேல் மற்ற நாடுகள் ஆர்வம் இழந்தன. வளர்ச்சிச் செலவை இந்தியா ஏற்றால் தொடரலாம் என்ற நிலை வந்தபோது டெல்லி மறுத்துவிட்டது. இன்றைக்குப் பார்த்தால் இது பெரிய தப்பு என்று சுலபமாக எழுதிவிடலாம். ஆனால் அது அந்நியச் செலாவணி கையில் இல்லாத, அமெரிக்கக் கோதுமைக் கப்பலை எதிர்பார்த்திருந்த நாடு. என்னால் அந்த அதிகாரிகளை முழுசாகக் குறை சொல்ல முடியவில்லை.

கிடைத்தது ஆர்ஃபியஸ் 703. ஏற்கெனவே இந்தியாவின் நாட் விமானத்தில் இருந்த வகை. ஒவ்வொன்றும் 4,850 பவுண்டு உந்துவிசை தரும். அதில் இரண்டைப் பொருத்தினார்கள். இரு மடங்கு ஒலிவேகத்துக்காக வரைந்த உடல் ஒலிவேகத்தைத் தொடவே மூச்சு வாங்கியது.

பிறகு நடந்தது நீண்ட தேடல். சோவியத் இன்ஜின் பொருந்தவில்லை. எகிப்தில் ஆஸ்திரியரான பிராண்ட்னர் உருவாக்கிவந்த இ-300 இன்ஜினுக்காக ஒரு மாருத் விமானமே அங்கே சோதனைக்குப் போனது. 1969ல் எகிப்தும் கைவிட்டது. பெங்களூரிலேயே ஒரு வழி முயன்றார்கள். இன்ஜினிலிருந்து வெளியேறும் சூடான வாயுவில் மறுபடி எரிபொருளைத் தெளித்து எரித்து வேகம் கூட்டுவது. இதற்குப் பெயர் ரீஹீட். 1970 ஜனவரி 10 அன்று அப்படி மாற்றிய மாருத் கீழே விழுந்து சுரஞ்சன் தாஸ் இறந்தார். பெங்களூரில் வேலை பார்க்கும் பலரும் தினமும் கடக்கும் சுரஞ்சன்தாஸ் சாலை அவர் பெயரில்தான் இருக்கிறது.

டாங்க் அதற்குள் போய்விட்டார். 1967 ஏப்ரலில் மாருத் முதல் ஸ்குவாட்ரனில் சேர்ந்தது. அதே ஆண்டில் அவர் ஜெர்மனி திரும்பினார். மொத்தம் 147 மாருத்கள் தயாராகின. 1971 போரில் ராஜஸ்தான் எல்லையில் தரைப்படைக்குத் துணையாக அவை பறந்தன. தரையிலிருந்து சுட்டதில் சில விழுந்தன, வான் சண்டையில் ஒன்றுகூட விழவில்லை. ஒரு இன்ஜின் அடிபட்டு, மற்றொன்றின் தயவில் வீடு திரும்பியவையும் உண்டு. படைக்குதிரை!

காவிரி வரவில்லை

1983 ஜூன் 5ல் டாங்க் மியூனிக்கில் இறந்தார். அதே ஆண்டுதான் பின்னாளில் தேஜஸ் ஆன இலகுரகப் போர் விமானத் திட்டத்துக்கு டெல்லி அனுமதி கொடுத்தது. தேஜஸ் முதலில் பறந்தது 2001 ஜனவரியில். மாருத்துக்கும் இதற்கும் நடுவில் 40 ஆண்டு இடைவெளி. டாங்க்கிடம் கற்ற தலைமுறை அதற்குள் ஓய்வு பெற்றுவிட்டது.

தேஜஸுக்கென்று பெங்களூரின் ஜி.டி.ஆர்.இ. ஆய்வகம் ஒரு இன்ஜின் செய்யத் தொடங்கியது. அதற்கு வைத்த பெயர் காவிரி. மேட்டூர் ஜூன் 12ல் திறக்குமா என்று காத்திருந்து பழகிய டெல்டாக்காரர்களுக்கு மீதியைச் சொல்லவே வேண்டாம். எடை கூடியது, உந்துவிசை போதவில்லை. 2008ல் தேஜஸிலிருந்து காவிரி பிரிக்கப்பட்டது. சூலூரில் பறக்கும் தேஜஸ்களுக்குள் இருப்பது அமெரிக்காவின் ஜி.இ. இன்ஜின். புதிய ரகமான மார்க்-1ஏ-வுக்கு 2021ல் 99 இன்ஜின்கள் ஆர்டர் கொடுக்கப்பட்டன. முதலாவது வந்தது 2025 மார்ச்சில்.

மாருத்கள் 1990க்குள் பணியிலிருந்து விலகின. பெங்களூர் போகும்போது நேரம் இருந்தால் கஸ்தூர்பா சாலை விஸ்வேஸ்வரய்யா அருங்காட்சியகத்துக்குப் போங்கள், ஒன்று அங்கே நிற்கிறது. முன்பக்கத்தோடு போட்டோ எடுத்துக்கொண்டு கிளம்பிவிடாமல், பின்னால் போய் அந்த இரண்டு இன்ஜின் துவாரங்களையும் ஒரு நிமிஷம் பாருங்கள்.